கரட்டைக் கரைத்த படம்

போனைக் கொஞ்சம் இப்படித் திருப்புங்க தம்பி. தப்பா நெனைக்காதீங்க, அடுத்தவங்க போனை எட்டிப் பாக்கற பழக்கமெல்லாம் எனக்குக் கெடையாது. நீங்க அத்தனை வெளிச்சமா வெச்சுட்டு உக்காந்தா பக்கத்து சீட்டுக்காரனுக்குத் தெரியத்தானுங்களே செய்யும். அந்த அருவி கீழ இருந்து மேல ஏறுதே, அது கிராஃபிக்ஸ்தானுங்களே? பாத்தீங்களா, பாத்ததுமே சொல்லிட்டேன். எனக்கு இதெல்லாம் அத்துபடி. என்ற புள்ளையே இந்தத் தொழில்லதான் இருக்கறா.

நீங்களும் கம்ப்யூட்டர் வேலைதானுங்களா? அப்ப நல்லதாப் போச்சு. உங்களுக்குச் சொன்னாப் புரியும். எங்கூருல எவனுக்கும் புரியமாட்டேங்குது.

என்ற பேரு நாச்சிமுத்துங்க. காங்கயத்துக்குத் தெக்கால எங்கூரு. கோயமுத்தூருல இருக்கற புள்ளையைப் பாக்கத்தான் போறேன். பாக்கன்னு கூடச் சொல்லக்கூடாது, நியாயம் கேக்கப் போறேன். பெத்த அப்பன் மககிட்ட நியாயம் கேக்கறதுக்கு பஸ் ஏறிப் போறான் பாருங்க, அந்த லட்சணத்துல இருக்குது என்ற பொழப்பு. ஊட்டுல காரு நிக்குதுங்க. அதை எடுத்தா எங்க போறீங்கன்னு ஊரே கேக்கும். அதுதான் பஸ்ல வந்துட்டேன்.

புள்ள பேரு தாரணி. ஒத்தைப் புள்ள. இன்ஜினியரிங் சேரு அம்மிணின்னு தலைபாடா அடிச்சுக்கிட்டேன், விஸ்காம்தான் படிப்பேன்னு ஒத்தக்கால்ல நின்னுட்டா. சரி, சினிமா எடுக்கப் போறியான்னு கேட்டேன். சினிமா இல்லீங்ப்பா, எக்ஸ்பிரிமென்டல் ஷார்ட் ஃபிலிம்னா. அதுல கதை கெடையாதாம், நடிக்கறவங்க கெடையாதாம், பாட்டும் கெடையாதாம். அப்பறம் என்னத்தைச் சாமி பாக்கறதுன்னேன். எடத்தைப் பாக்கறதுங்ப்பா, அந்த எடம் என்னவா மாறுதுன்னு பாக்கறதுன்னா. எனக்கு ஒண்ணும் வெளங்கலை. இருந்தாலும் கேட்ட கம்ப்யூட்டரை வாங்கிக் குடுத்தேன். வாங்கிக் குடுத்ததை நான் சொல்லிக் காட்டறதில்லை, நீங்க கேட்டீங்கன்னு சொல்றேன்.

மொதப் படம் எங்க மேட்டாங்காடுங்க. சோளத்தட்டு அறுத்துப் போட்ட காடு, ஒரு பச்சை கெடையாது. அதுல கடலைக் கொண்டாந்து விட்டுட்டா! அலை வந்து எங்க கெணத்து மேட்டுல மோதுது. எங்க மாடு பாட்டுக்கு அலைக்கு நடுவால நின்னுட்டு அசை போடுது. பாத்துட்டு எனக்குச் சிரிப்புத் தாங்கலை. வாய்க்கால்ல தண்ணி விடுவாங்களா மாட்டாங்களான்னு வானத்தையும் ஆபீசையும் பாத்துட்டுக் கெடக்கற ஊருங்க எங்களுது, அங்க கொண்டாந்து கடலை வெச்சிருக்கறா. போற கல்யாணம் காதுகுத்து எல்லாத்துலயும் அந்தப் படத்தைக் காட்டினேன். ஒறம்பரைக்காரங்க, மாப்பிள்ளை அழைப்பைக்கூட விட்டுப்போட்டு என்ற போனைச் சுத்தி நின்னாங்க.

அடுத்த படத்துல காத்தாடிங்க. இந்தா, ஜன்னலுக்கு வெளிய சுத்துதே, கரண்டு எடுக்கற இந்தக் காத்தாடிங்கதான். பொழுது சாயற நேரத்துல அதுங்க எல்லாம் தன்னால எந்திரிச்சு, மாடு பட்டிக்குப் போற மாதிரி வரிசையா நடந்து போகுது. எங்க அம்மிணி போகுதுன்னு கேட்டேன். தண்ணி குடிக்கங்ப்பான்னா. எனக்கு ஒடம்பே சிலிர்த்துப் போச்சு. என்ற புள்ளைக்கு இப்படி ஒரு மூளையான்னு அன்னைக்குப் பூராம் தூக்கம் வரலை. இதையெல்லாம் எதுக்குச் சொல்றேன்னா, எனக்குக் கலை தெரியாது, ரசனை இல்லைன்னு ஊட்டுக்காரி சொல்லிட்டுத் திரியறா. நீங்களே சொல்லுங்க, நானா ரசனை இல்லாதவன்?

மூணாவது படத்துலதான் வந்துது வெனை.

எங்கூருக்கு மேக்கால ஒரு கரடு இருக்குதுங்க. நொச்சிக்கரடுன்னு பேரு. பெரிய மலையெல்லாம் இல்லை, ஆனா எங்களுக்கு அதுதான் சாமி. கார்த்திகை நோம்பிக்கு கரட்டு உச்சியில தீபம் ஏத்துவோம். அந்தத் தீபம் கண்ணுக்குத் தெரிஞ்ச பொறகுதான் ஊருல எந்த ஊட்டுலயும் வாசல்ல வெளக்கு வெப்பாங்க. ஊரே இருட்டுல வாசப்படியில நின்னு மேக்காலயே பாத்துட்டு இருக்கும். உச்சியில நெருப்பு தெரிஞ்சதும் பொம்பளைங்க கொலவை போட்டுட்டு வெளக்கைப் பத்த வெப்பாங்க. தலைமுறை தலைமுறையா வர்ற கட்டுப்பாடு. அதை மீறினவன் எங்கூருல ஒருத்தன் கெடையாது.

எனக்கு அங்க கல்லுக்குழியில ஒரு பங்கு இருக்குதுங்க. டிப்பர் லாரியும் ஓடுது. அதுக்கும் இந்தக் கதைக்கும் சம்பந்தம் இல்லை, கேப்பீங்கன்னு சொல்றேன். நாங்க ஒடைக்கறது கரட்டோட பின்பக்கம். ஊரைப் பாத்த முன்பக்கத்தை நாங்க தொட்டதே கெடையாது. சாமியைத் தொடுவமாங்க? பின்பக்கம் எப்படியும் யாரு கண்ணுக்கும் தெரியாது. அப்பறம் ஒரு மழைக்காலத்துல உச்சிப்பாறை தானாச் சரிஞ்சு விழுந்துருச்சு. வெடி வெச்சதாலதான் விழுந்துதுன்னு சில பேரு பேசறாங்க. வெடி எல்லா ஊருலயுந்தான் வெக்கறாங்க. மழைக்கு ஊறிப் போனா பாறை சரியாதுங்களா?

உச்சி போனதும் என்ன ஆச்சுன்னா, தீபம் ஏத்தினா ஊருக்குத் தெரியலை. புளியமரம் மறைக்குது. அந்த வருசம் ஊரே வாசல்ல நின்னு நின்னு பாத்துட்டு, வெளக்கும் வெக்க முடியாம, உள்ள போகவும் முடியாமத் தவிச்சுப் போச்சு. யாருங்க முன்னால வந்தது? நாந்தான். என்ற சொந்தக் கைக்காசுல இரும்புக் கோபுரம் ஒண்ணு செஞ்சு கரட்டு மேல நட்டேன். முன்னால தீபம் எந்த ஒசரத்துல தெரிஞ்சுதோ அதே ஒசரத்துல தெரியோணும்னு, வயசானவங்களை மாரியம்மன் கோயில் வாசல்ல உக்கார வெச்சு, கிரேன்ல வெளக்கைத் தூக்கிக் காட்டினோம். இன்னும் மேல, இன்னும் மேலன்னாங்க. ஆங், இங்கதான்னு அவங்க கையெடுத்துக் கும்பிட்ட எடத்துல நிறுத்தி வெல்டிங் வெச்சோம். இன்னைக்கு வெளியூர்க்காரன் வந்து பாத்தா, இருட்டுல வித்தியாசமே கண்டுபுடிக்க முடியாதுங்க. பகல்ல பாத்தாக் கொஞ்சம் கம்பி தெரியும், அவ்வளவுதான். வருசா வருசம் கம்பியை ஒசத்தறதும் நாந்தான். அடி எறங்க எறங்க கம்பியை ஒசத்தோணுமுங்களே.

அப்பேர்ப்பட்ட கரட்டைத்தான் இவ படமா எடுத்தா.

பள்ளிக்கூடம் படிக்கறப்பவே மொட்டமாடியில தண்ணித் தொட்டிக்குப் பக்கத்துல ஒரு கேமராவை வெச்சு, தெனமும் காலையில கரட்டை ஒரு போட்டோ எடுப்பா. கேமரா கொஞ்சம் கூட நகரக்கூடாதுங்ப்பான்னு சொன்னா. நானே சிமெண்டுல ஒரு திண்டு கட்டிக் குடுத்தேன். கேமரா மேல மழை படாத மாதிரி ஓடும் போட்டேன். கோயமுத்தூருக்குப் படிக்கப் போன பொறகு அவங்கம்மா சாந்தாமணி அந்த வேலையைப் பாத்துக்கிட்டா. சூரிய வெளிச்சம் கரட்டு மேல விழறதை எடுக்கறாங்கன்னுதான் நானும் நெனைச்சேன். வேற என்னத்தைங்க நெனைக்கறது?

போன கார்த்திகைக்கு மொத நாள், படம் முடிஞ்சுருச்சுங்ப்பான்னு வந்து நின்னா. மொகத்துல அத்தனை சந்தோசம். எனக்கு அதுக்கு மேல. கல்யாண மண்டபத்தைப் புடிச்சேன், பெரிய திரை கொண்டாந்தேன், ஊரையே கூப்பிட்டேன். நம்ம கரட்டைப் பத்திப் படம்னு மைக்செட்ல சொல்லச் சொன்னேன். மத்தியான வெயில்னால ஜன்னல் கதவு எல்லாத்தையும் சாத்தி, படுதாவும் போட்டோம். உள்ள நல்ல இருட்டு. கோயில் தர்மகர்த்தா முன் வரிசையில, அவருக்குப் பக்கத்துல நானு.

படம் ஆரம்பிச்சுது. கரடு நிக்குது, பச்சையா, கம்பீரமா. எல்லாரும் கை தட்டினாங்க. அப்பறம் மெதுவா மேல இருந்து கரைய ஆரம்பிக்குது. வெல்லக்கட்டியை எறும்பு அரிக்கற மாதிரி. உச்சி போகுது. தோள்பட்டை போகுது. மேகம் ஓடுது, மழை வருது, போகுது, கரடு எறங்கிக்கிட்டே இருக்குது. பாதிக்கு வந்துருச்சு. அதுக்குக் கீழயும் எறங்குது. கம்பிக் கோபுரம் மட்டும் வளந்துகிட்டே போகுது. கடைசில ஒரு சின்ன மேடும் ஒரு குழியும். பச்சைத்தண்ணி. அதுக்கு மேல என்ற கோபுரத்துல ஒத்தை வெளக்கு.

மண்டபத்துல ஒரே கூச்சலுங்க. நாளைக்கு நோம்பியை வெச்சுக்கிட்டு கரட்டை அழிச்சுக் காட்டறாளேன்னு ஒருத்தரு. ஊருக்கு ஆகாதுன்னு ஒருத்தரு. தர்மகர்த்தா எந்திரிச்சு நின்னு துண்டை ஒதறிட்டாரு. அந்த நேரத்துல படத்துல அந்தக் குழிக்குள்ள இருந்து கரடு திரும்ப எந்திரிச்சு வந்துது. மண்ணு, பாறை, நொச்சிச் செடி, மேல ஆடு மேயுது, உச்சிப்பாறை, அதுக்கு மேல பழையபடி தீபம். அப்பத்தான் சனங்களுக்கு மூச்சே வந்துது. 'ஆ, இதுதான் நம்ம கரடு, அந்தக் கிராஃபிக்ஸை மட்டும் எடுத்துப்போடச் சொல்லு'ன்னு எல்லாரும் சொன்னாங்க. கை கூடத் தட்டினாங்க.

நான் மைக்கைப் புடிச்சு, பெரிய மனுசனா, தன்மையாத்தான் சொன்னேன். 'அம்மிணி, படம் பிரமாதம். நடுவுல அந்தக் கரையற வித்தை மட்டும் வேண்டாம். கோயில் காரியம். எடுத்துரு.' அவ்வளவுதான் சொன்னேன். நான் என்னங்க தப்பாச் சொல்லிட்டேன்?

அவ மைக்கை வாங்கினா. 'அப்பா, கரையறதுல கிராஃபிக்ஸே இல்லீங்ப்பா. அது வெறும் போட்டோ. நம்மூட்டு மொட்டமாடியில தெனமும் எடுத்தது. நான் ஒண்ணுமே பண்ணலை, வரிசையா வெச்சேன், அவ்வளவுதான். கடைசில எந்திரிச்சு வருது பாருங்க, அந்தக் கரடுதான் கிராஃபிக்ஸ்'னா.

யாரோ பின்னால இருந்து பொய் சொல்றான்னு கத்தினாங்க. 'பொய்யா நெசமான்னு கதவைத் தொறந்து பாருங்க, எதுத்தாப்பலதானே இருக்குது'ன்னா அவ. நாங்க எதுக்குங்க தொறக்கோணும்? வெயில் உள்ள வந்தாத் திரை தெரியாது. அதையுந்தான் சொன்னேன் அவகிட்ட. அவ என்னைப் பாத்தா பாருங்க ஒரு பார்வை. அப்பறம் அவளே போயி கதவைத் தொறந்துட்டு அப்படியே வெளிய போயிட்டா. அன்னைக்கே பஸ் ஏறிட்டா. அதுக்கப்பறம் ஊட்டுப் பக்கம் எட்டிப் பாக்கலை. பொங்கலுக்கு வரலை. என்ற தங்கச்சி மகன் கல்யாணத்துக்கு வரலை. எங்க உங்க புள்ளைன்னு கேக்கறவங்களுக்கெல்லாம் ஷூட்டிங், ஷூட்டிங்னு பொய் சொல்லி வாய் வலிக்குது.

சரி, அது கூடப் பரவாயில்லை, அப்பன் மக சண்டை, இன்னைக்கு இருக்கும் நாளைக்குப் போகும். அந்தப் படத்தை அவ யூடியூப்ல போட்டு வெச்சிருக்கறா. இப்ப நாங்க முன்பக்கத்தையும் ஒடைக்க அனுமதி கேட்டிருக்கறோம். இருங்க, மொகத்தைச் சுளிக்காதீங்க. பின்பக்கம்னு ஒண்ணு இருந்தாத்தானே முன்பக்கம்னு ஒண்ணு இருக்கும்? பின்பக்கம் முடிஞ்சு போச்சு. மீதி இருக்கறது சின்ன மேடு. ரோடு போடறதுக்குக் கல்லு வேணுங்களா வேண்டாமுங்களா? இந்த பஸ்சு போற ரோடு வானத்துல இருந்தா விழுந்துது? யாரோ ஒரு வேலையத்தவன் எம்புள்ள படத்தை மேலதிகாரிங்களுக்கு அனுப்பிவிட்டுட்டான். அவங்க அதைப் பாத்துட்டு அனுமதியை நிறுத்தி வெச்சிருக்கறாங்க. கரட்டை யாரு வந்து பாக்கறாங்க, எல்லாம் படத்தைத்தானுங்க பாக்கறாங்க.

அவளுக்குப் போன் மேல போன் போட்டேன். எடுக்கலை. சாந்தாமணியைப் பேசச் சொன்னேன். 'நீங்க கரட்டைத் தின்னுட்டு எங்கிட்ட வந்து கேக்கறீங்களா'ன்னுட்டு அடுப்பைப் பாத்துத் திரும்பிக்கிட்டா. எதையும் யோசிச்சுப் பேசமாட்டா. என்ன பண்றது, நானே வாட்ஸப்புல பேசி அனுப்பினேன். 'அம்மிணி, அப்பனுக்காக ஒண்ணு பண்ணு. நடுவுல கரையறதை எடுத்துப்போட்டு, ஆரம்பத்துல இருந்து கடைசி வரைக்கும் முழுக் கரட்டையே வெச்சுரு. உனக்கு அது ஒரு வேலையே இல்லை. பண்ணிட்டு நோம்பிக்கு ஊட்டுக்கு வா. நீ இல்லாம எனக்குச் சோறு எறங்க மாட்டேங்குது.' வேஷம் போடலை தம்பி, நெசமாலுமே எறங்கலை.

சரிங்ப்பான்னு ஒத்தை வார்த்தையில பதில் வந்துது. எனக்குக் கொண்டாட்டம் தாங்கலை. நேத்துச் சாயங்காலம் படம் வந்து சேந்துது.

என்ன சொல்லட்டும்! காலையும் மாலையும் மாறி மாறி வருது, மழை வருது, போகுது, கரடு அசையலை. அப்படியே நிக்குது. நொச்சி பூத்து உதுருது. உச்சியில கழுகு வட்டம் போடுது. இப்படி ஒரு கரடு எங்கூருல இருக்குதான்னு எனக்கே சந்தேகம் வந்துருச்சு. பங்காளிங்க எல்லாத்துக்கும் அனுப்பிட்டேன். அப்பறம் சாந்தாமணிகிட்டக் கொண்டுபோய் நீட்டினேன், பாரு, எம்புள்ள எம்பேச்சைத் தட்டமாட்டான்னு. அவ முந்தானையில கையைத் தொடச்சுட்டு வாங்கிப் பாத்தா. முழுசும் பாத்தா. பாத்துட்டு, 'கரடு இருக்குது. நீங்க எங்கே?'ன்னா.

உங்களுக்குச் சொன்னனா, சொல்லலையா, அந்தப் போட்டோ எல்லாத்துலயும் ஓரமா நானும் இருப்பனுங்க. காலையில தொட்டி நெறஞ்சுருச்சான்னு பாக்க மாடிக்குப் போவேன், தலையில துண்டைக் கட்டிக்கிட்டு. அந்த நேரத்துக்குத்தான் அவ போட்டோ எடுப்பா. தெனமும் போட்டோங்கறதால, கரடு எறங்க எறங்க என்ற தலை நரைக்கறதும் அதுல தெரியும். கரட்டைப் பாக்காம என்னைப் பாத்தே சிரிச்சவங்க உண்டு. சில நாள் கேமராவைப் பாத்துக் கையாட்டியிருக்கறேன். புள்ளைதானே அந்தப் பக்கம் நிக்குதுன்னு.

திரும்பப் போட்டுப் பாத்தேன். மாடி இருக்குது. தொட்டி இருக்குது. கொடியில துணி ஆடுது. சாந்தாமணி வடகம் காயப் போடறா. எங்கூட்டு நாய் படுத்திருக்குது, நாயைக் கூட விட்டு வெச்சிருக்கறா தம்பி. நாந்தான் இல்லை. ஒரு நாள்லயும் இல்லை. துண்டு இல்லை, நெழல் கூட இல்லை. நான் கையாட்டின எடத்துல வெறுங்காத்து. தேடித் தேடிப் பாத்தனுங்க, ராத்திரி சோத்துத் தட்டை முன்னால வெச்சுக்கிட்டு. அவ்வளவு நறுவிசாத் தொடச்சு எடுத்திருக்கறா. பெத்த புள்ள, ஒவ்வொரு படமா உக்காந்து அப்பனை எடுத்திருக்கறா பாருங்க. அதுக்கு எத்தனை நேரம் ஆகும்னு உங்களுக்குத் தெரியுமுங்களே?

இன்னைக்குக் காலையில போன் பண்ணினேன். எடுத்தா. 'கரடு நல்லா வந்திருக்குது அம்மிணி. அப்பனை எங்க காணோம்?'னு சிரிச்ச மாதிரித்தான் கேட்டேன். அவ சொன்னா: 'வெச்சுப் பாத்தனுங்ப்பா. எப்படி எப்படியோ வெச்சுப் பாத்தேன். முழுக் கரடும் நீங்களும் ஒரே படத்துல நிக்க மாட்டேங்குது.' நோம்பிக்கு வர்றியான்னு கேட்டேன். வெச்சுட்டா.

அதுதானுங்க எனக்கு விளங்கவே இல்லை. ஒரு மனுசனைக் கொண்டாந்து அவனூட்டு மாடியில நிக்க வெக்கறது அத்தனை கஷ்டமா? அதைத்தான் நேருல போயி கேக்கப் போறேன். எனக்குக் கரடும் இருக்கோணும், நானும் இருக்கோணும், அவ்வளவுதான், அதிகமா ஒண்ணும் கேக்கலை. நீங்க இந்த வேலை பாக்கறவரு, சொல்லுங்க, கம்ப்யூட்டர்ல அப்படி ஒரு கோளாறு இருக்குதுங்களா? இருந்தா அதைச் சரி பண்ண ஏதாச்சும் வழி இருக்கும்ல?

ஏனுங்க தம்பி, உங்களைத்தான் கேக்கறேன். எதுக்கு அந்தப் பக்கம் திரும்பிக்கிட்டீங்க?